அலமாரியில் பூட்டி வைக்கவா மூப்புப் பட்டியல்?

ஒரு பள்ளிக்கூடத்தின் தலைமை ஆசிரியர் எந்த நாளில் ஓய்வு பெறுவார் என்பது அவர் வேலையில் சேர்ந்த அன்றே தெரிந்துவிடும். பிறந்த தேதி சர்வீஸ் புத்தகத்தில் இருக்கிறது. ஓய்வு பெறும் வயது விதியில் இருக்கிறது. கணக்குப் போட ஒரு நிமிடம் போதும். அப்படி இருந்தும், அவர் மாலையும் சால்வையும் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போன மறுநாள், அந்த நாற்காலியில் உட்காரப் போவது யார் என்பது பல பள்ளிகளில் யாருக்கும் தெரிவதில்லை.

"நான்தான் சீனியர்" என்று இரண்டு பேர் நிற்கிறார்கள். நிர்வாகம் மூன்றாவதாக ஒருவரைப் "பொறுப்பு" என்று சொல்லி உட்கார வைக்கிறது. ஒருவர் மனுவை எடுத்துக்கொண்டு கல்வி அதிகாரியின் அலுவலகத்துக்கு ஓடுகிறார். இன்னொருவர் வக்கீல் வீட்டுப் படி ஏறுகிறார். ஆசிரியர் அறை இரண்டு கட்சியாகப் பிரிகிறது. நேற்று வரை குழம்பு பரிமாறிக்கொண்டு ஒன்றாகச் சாப்பிட்டவர்கள் இன்று முகம் பார்க்காமல் போகிறார்கள்.

இந்தச் சண்டையில் நட்டம் யாருக்கு? இரண்டு ஆசிரியர்களுக்கு மட்டும் என்று நினைத்தால் அது தவறு. பத்தாம் வகுப்புப் பரீட்சை விண்ணப்பத்தில் தலைமை ஆசிரியர் கையெழுத்துப் போட வேண்டும். உதவி பெறும் பள்ளியில் சம்பளப் பில் அவர் கையெழுத்தோடுதான் போக வேண்டும். ஊர் மாற்றிப் போகிற குடும்பத்துப் பிள்ளைக்கு எல்.சி. கொடுப்பதும் அவர்தான். மும்பையில் பிழைக்க வந்த குடும்பத்துக்கு அந்த எல்.சி. வெறும் காகிதம் அல்ல. பிறந்த தேதிக்கும் ஜாதிச் சான்றிதழுக்கும் அதுதான் ஆதாரம். "யார் கையெழுத்துச் செல்லும்?" என்ற கேள்வி வந்துவிட்டால், தாராவியிலிருந்து அரை நாள் கூலியை விட்டுவிட்டு வந்த தகப்பன் பள்ளி வாசலில் நிற்க வேண்டியதுதான்.

விதி இல்லாமல் இல்லை

மராட்டிய மாநிலத்தில் இதற்கு விதி இல்லாமல் இல்லை. தனியார் பள்ளி ஊழியர்களின் பணி நிலைமைகள் பற்றிய சட்டம் 1977ஆம் ஆண்டுச் சட்டம். 1981-ல் அதற்கு விதிகள் வகுக்கப்பட்டன. நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அந்த விதிகள் புத்தகத்தில் இருக்கின்றன.

அந்த விதிகளில் பன்னிரண்டாவது விதி சொல்வது மிகவும் எளிது. ஒவ்வொரு நிர்வாகமும் ஊழியர்களின் மூப்புப் பட்டியலைத் தயாரித்து வைத்திருக்க வேண்டும். அதை ஊழியர்களுக்குச் சுற்றுக்கு விட வேண்டும். பிரதி கிடைத்தது என்று ஒவ்வொருவரிடமும் கையெழுத்து வாங்க வேண்டும். பிறகு பட்டியலில் மாற்றம் செய்தால் அதையும் தெரிவிக்க வேண்டும். ஆட்சேபம் வந்தால் பரிசீலிக்க வேண்டும். இன்னார் மூத்தவரா, இன்னார் மூத்தவரா என்று தகராறு வந்தால் கல்வி அதிகாரியின் முடிவுக்கு அனுப்ப வேண்டும்.

ரயில்வேயிலும் துறைமுகத்திலும் தபால் ஆபீசிலும் குமாஸ்தாவாக இருப்பவர்களுக்கு இது புதிதல்ல. சீனியாரிட்டி லிஸ்ட் நோட்டீஸ் போர்டில் ஒட்டப்பட்டால், சாப்பாட்டு நேரத்தில் டப்பாவைத் திறக்கும் முன்பே எல்லோரும் அங்கே போய் விரல் வைத்துத் தங்கள் பெயரைத் தேடுவார்கள். ஒரு எண் முன்னே பின்னே போயிருந்தால் அன்று மாலையே மனு எழுதிவிடுவார்கள். ஆனால் அதே குமாஸ்தாவின் மகளோ மனைவியோ ஒரு தனியார் பள்ளியில் ஆசிரியையாக இருந்தால், இருபது வருடத்தில் ஒரு தடவையாவது மூப்புப் பட்டியலைக் கண்ணால் பார்த்தாயா என்று கேட்டுப் பாருங்கள். "அதெல்லாம் ஆபீஸ் அலமாரியில் இருக்கும்" என்ற பதில்தான் பெரும்பாலும் வரும்.

இங்கேதான் வழக்கு பிறக்கிறது.

சேர்ந்த தேதியா, தகுதி பெற்ற தேதியா?

முதலில் சேர்ந்தவர்தான் மூத்தவர் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. 1981 விதிகளோடு சேர்ந்த "எஃப்" அட்டவணை, உயர்நிலைப் பள்ளி ஆசிரியர்களைத் தகுதி வாரியாக வகை பிரித்தது. அது ஓர் ஏணி. தலைமை ஆசிரியர்கள் மேல் படியில். பட்டமும் பி.எட். பயிற்சியும் பெற்றவர்கள் அதற்கு அடுத்த படியில். பயிற்சி இல்லாத பட்டதாரிகள் அதற்கும் கீழே. ஒரே படியில் இருப்பவர்களுக்குள்தான் தேதி பார்க்கப்படும். அந்தத் தேதியும் ஒன்றாக இருந்தால் வயதில் மூத்தவர் மூத்தவர்.

உதாரணத்துக்கு இரண்டு ஆசிரியைகளை எடுத்துக்கொள்ளுங்கள். ஒருவர் பி.எஸ்சி. மட்டும் படித்துவிட்டு 1994-ல் ஒரு பள்ளியில் சேர்கிறார். பயிற்சி பெற்ற விஞ்ஞான ஆசிரியர் கிடைக்காத நேரம். வேலை பார்த்துக்கொண்டே, குழந்தையை மாமியாரிடம் விட்டுவிட்டுப் படித்து, 2001-ல் பி.எட். முடிக்கிறார். இன்னொருவர் பி.ஏ., பி.எட். முடித்துவிட்டு 1998-ல் அதே பள்ளியில் சேர்கிறார். தலைமை ஆசிரியர் இடம் காலியாகிறது. யார் மூத்தவர்?

முதலாமவர் "நான் நான்கு வருடம் முன்னால் வந்தவள்" என்கிறார். அது உண்மை. ஆனால் பயிற்சி பெற்ற பட்டதாரிகள் படிக்கு அவர் ஏறியது 2001-ல்தான். இரண்டாமவர் 1998-லேயே அந்தப் படியில் இருக்கிறார். ஏணிக் கணக்கில் இரண்டாமவர்தான் மூத்தவர்.

முதலாமவருக்கு நெஞ்சு எரியத்தான் செய்யும். "நான் வந்தபோது இவர் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தார்" என்று அவர் சொல்வதில் வியப்பில்லை. ஆனால் அவருக்கு நேர்ந்த கொடுமை சட்டத்தால் வந்தது அல்ல. 1998-லேயே பட்டியலைக் கையில் கொடுத்து, "இவர் உங்களுக்கு மேலே, பி.எட். முடித்தால்தான் நீங்கள் அந்தப் படிக்கு வர முடியும்" என்று சொல்லிக் கையெழுத்து வாங்கியிருந்தால், அவர் தமது இடம் எது என்று தெரிந்துகொண்டு வேலை பார்த்திருப்பார். கால் நூற்றாண்டுக் காலம் தாம்தான் அடுத்த தலைமை ஆசிரியை என்று நம்ப விட்டுவிட்டு, கடைசி நாளில் "இல்லை" என்று சொன்னதுதான் கொடுமை. பட்டியலை ஒளித்தவர்கள் செய்த குற்றத்துக்கு இரண்டு பெண்கள் எதிரிகளாகிறார்கள்.

இந்த "எஃப்" அட்டவணையின் வகைகள் பற்றி மும்பை ஐகோர்ட்டிலும் சுப்ரீம் கோர்ட்டிலும் பல வழக்குகள் நடந்துவிட்டன. இடையில் திருத்தங்களும் வந்திருக்கின்றன. ஆகவே பழைய புத்தகத்தை வைத்துக்கொண்டு சண்டை போடுவதில் பயனில்லை. இன்றைய வாசகம் என்ன என்று கேட்டுப் பார்த்துவிட்டுத்தான் யாரும் அடி எடுத்து வைக்க வேண்டும்.

பொறுப்பு என்பது பதவி அல்ல

தலைமை ஆசிரியர் இடத்துக்குத் தகுதி என்ன என்பதையும் விதி சொல்லியிருக்கிறது. உயர்நிலைப் பள்ளியில் பட்டமும் பயிற்சிப் பட்டமும் வேண்டும். பட்டத்துக்குப் பின் ஐந்து ஆண்டு முழுநேர ஆசிரியப் பணி வேண்டும். அதில் இரண்டு ஆண்டாவது பயிற்சிப் பட்டத்துக்குப் பிந்தியதாக இருக்க வேண்டும். இந்தத் தகுதி உள்ளவர்களில் மிக மூத்தவரை, அவருடைய பணிப் பதிவு திருப்தியாக இருந்தால், நிர்வாகம் நியமிக்க வேண்டும். மூத்தவர் தமக்கு வேண்டாம் என்று விட்டுக்கொடுத்தால், அதைத் தாமாகவே எழுதிக் கொடுக்க வேண்டும். கல்வி அதிகாரி முன் நேரில் போய் உறுதி செய்யவும் வேண்டும். கமிட்டி ரூமில் கூப்பிட்டு உட்கார வைத்து, வெள்ளைத் தாளில் கையெழுத்து வாங்கிக்கொள்வதற்கு இடம் இல்லை என்பதுதான் இதன் பொருள்.

நிர்வாகிகள் ஒரு வாதம் சொல்வார்கள். "மூத்தவர் என்பதாலேயே திறமை வந்துவிடுமா? பள்ளியை நடத்தத் தெரிய வேண்டாமா?" என்பார்கள். கேள்வி நியாயமானதுதான். அதனால்தான் விதியே திருப்தியான பணிப் பதிவு வேண்டும் என்கிறது. ஒருவரிடம் குறை இருந்தால் அந்தந்த ஆண்டிலேயே எழுத்தில் சொல்லித் திருந்த வாய்ப்புக் கொடுக்க வேண்டும். இருபது ஆண்டு நல்லவராக இருந்தவர், தலைமை ஆசிரியர் இடம் காலியாகும் மாதத்தில் மட்டும் திறமையற்றவராகிவிடுவது எப்படி?

"பொறுப்பு" நாற்காலியில் உட்காருகிறவர்களும் ஒன்றை உணர வேண்டும். 1990-ல் மராட்டிய மாநிலத்துப் பொறியாளர்கள் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் அரசியல் சட்ட பெஞ்சு இது பற்றித் தெளிவாகச் சொல்லிவிட்டது. விதிப்படி நியமிக்கப்பட்டவருக்கு மூப்பு நியமன நாளிலிருந்து கணக்கிடப்படும். விதிப்படி அல்லாமல், இடைக்கால ஏற்பாடாகப் பார்த்த வேலை மூப்புக்குச் சேராது. பொறுப்பாக இருந்த காலத்தை எண்ணி மனக்கோட்டை கட்டுகிறவர், ஒருநாள் பழைய மேஜைக்கே திரும்ப வேண்டி வரலாம்.

தூங்கினால் போச்சு

உரிமை இருக்கிறது. அதைக் கேட்கக் காலமும் இருக்கிறது. தம்மைத் தாண்டி வேறொருவருக்குப் பதவி உயர்வு கொடுத்துவிட்டார்கள் என்றால், 1977ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி பள்ளி டிரிபியூனலில் முறையிடலாம். சட்டம் குறித்த காலம் 30 நாள். தக்க காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்க டிரிபியூனலுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் "நிர்வாகத் தலைவர் பார்த்துக்கொள்கிறேன் என்றார்" என்பது தக்க காரணமாகிவிடாது.

1974-ல் தமிழ்நாட்டு அரசு ஊழியர் ஒருவரின் வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தது. தமக்கு இளையவர்களை உயர்த்திய உத்தரவை அவர் 14 ஆண்டு கழித்துத் தட்டிக் கேட்டார். இப்படிப்பட்ட குறை இருந்தால் ஆறு மாதத்துக்குள், அதிகம் போனால் ஓர் ஆண்டுக்குள் கோர்ட்டுக்கு வர வேண்டும் என்று நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். 2009-ல் ஒரிசா வழக்கு ஒன்றிலும், மூன்று நான்கு ஆண்டு நிலைத்துவிட்ட மூப்புப் பட்டியலைக் கலைக்கக் கூடாது என்ற கருத்தை சுப்ரீம் கோர்ட்டு வலியுறுத்தியது. தாமதத்தால் தோற்பவர் நியாயம் இல்லாமல் தோற்பதில்லை. நியாயத்தைக் கையில் வைத்துக்கொண்டே தோற்கிறார்.

மும்பை மாநகராட்சி நடத்தும் பள்ளிகளுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. அரசும் உள்ளாட்சியும் நடத்தும் பள்ளிகளுக்கு அவற்றின் சொந்த விதிகள் உண்டு. எட்டு மொழிகளில் பள்ளி நடத்தும் மாநகராட்சியில் தமிழும் ஒரு மொழி. அந்தத் தமிழாசிரியர்கள் தங்களுக்குரிய விதியைக் கேட்டுப் பெற வேண்டும். எந்தப் பள்ளியானாலும் பட்டியலைப் பார், எழுத்தில் ஆட்சேபி, காலத்தில் ஆட்சேபி என்ற பாடம் ஒன்றுதான்.

தமிழுக்குத் தந்த உரிமை

இனி, தமிழ் மக்களே நடத்தும் பள்ளிகளைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

சிறுபான்மை என்பதை மாநில வாரியாகவே கணக்கிட வேண்டும் என்று 2002-ல் சுப்ரீம் கோர்ட்டின் 11 நீதிபதிகள் பெஞ்சு தீர்ப்புச் சொன்னது. தமிழ்நாட்டில் பெரும்பான்மையாக இருக்கும் தமிழர், மராட்டியத்தில் மொழிச் சிறுபான்மையினர். அரசியல் சட்டத்தின் 30ஆவது பிரிவு தரும் உரிமை அவர்கள் நடத்தும் பள்ளிகளுக்கு உண்டு. 1977ஆம் ஆண்டுச் சட்டமே சிறுபான்மைப் பள்ளியின் தலைமை ஆசிரியர் நியமனத்துக்கும், நிர்வாகம் பெயர் அறிவிக்கும் மூன்று பேருக்கு மேற்படாத ஊழியர்களுக்கும் விலக்குத் தந்திருக்கிறது. 1998-ல் கேரளப் பள்ளி ஒன்றின் வழக்கில், தகுதி உள்ள ஒருவரைத் தலைமை ஆசிரியராகத் தேர்ந்தெடுக்கச் சிறுபான்மை நிர்வாகத்துக்கு உரிமை உண்டு, மூப்பு அதைக் கட்டுப்படுத்தாது என்று சுப்ரீம் கோர்ட்டு கூறியது.

சட்டம் இதுதான். ஆனால் சட்டம் கையில் இருக்கிறது என்பதற்காக எதையும் செய்துவிடலாமா?

இந்த உரிமை எதற்காகக் கொடுக்கப்பட்டது? வேற்று மாநிலத்தில் வாழும் பிள்ளைகள் தாய்மொழியை மறந்துவிடக் கூடாது. அந்த மொழியின் மேல் பற்றுள்ள ஒருவர் பள்ளிக்குத் தலைமை ஏற்க வேண்டும் என்பதற்காக. கமிட்டித் தலைவரின் மைத்துனருக்கும் செயலாளரின் மருமகளுக்கும் நாற்காலி தேடித் தருவதற்காக அல்ல. முப்பது ஆண்டு "அ, ஆ" சொல்லிக் கொடுத்த ஆசிரியையை ஒதுக்கிவிட்டு, தமிழ் வாசிக்கத் தெரியாத ஒருவரை மேலே கொண்டுவந்து, "இது எங்கள் சிறுபான்மை உரிமை" என்று யாராவது சொன்னால், அது தமிழின் பெயரால் தமிழுக்குச் செய்யும் துரோகம். மூத்தவரை விலக்க வேண்டிய அவசியம் உண்மையிலேயே இருந்தால், காரணத்தை அவரிடம் சொல்லும் துணிவு நிர்வாகத்துக்கு வேண்டும். உரிமை பெரிதாக இருக்கும் இடத்தில் பொறுப்பும் பெரிதாக இருக்க வேண்டும்.

புதிதாக வந்த படி

பழைய தகராறுகள் தீராத நேரத்தில் புதிதாக ஒரு படியும் ஏணியில் சேர்ந்துவிட்டது. அதுதான் ஆசிரியர் தகுதித் தேர்வு.

கட்டாயக் கல்விச் சட்டம் 2010 ஏப்ரல் 1-ல் அமலுக்கு வந்தது. அந்த ஆண்டு ஆகஸ்டு 23-ல், ஒன்று முதல் எட்டு வகுப்பு வரை கற்பிக்கும் ஆசிரியர்களுக்குத் தகுதித் தேர்வு தேவை என்ற அறிவிப்பு வந்தது. அதற்கு முன்பே வேலையில் இருப்பவர்கள் என்ன செய்வது, பதவி உயர்வுக்கும் தேர்வு வேண்டுமா என்ற கேள்விகள் கோர்ட்டுகளில் அலைந்துகொண்டிருந்தன. தமிழ்நாட்டிலிருந்தும் மராட்டியத்திலிருந்தும் போன அப்பீல்களில் 2025 செப்டம்பர் 1-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் இருக்கும் ஆசிரியர்கள், வேலையில் தொடர வேண்டுமானால், இரண்டு ஆண்டுக்குள் தேர்வில் தேற வேண்டும். ஐந்து ஆண்டுக்குள் ஓய்வு பெற இருப்பவர்கள் தேர்வு இல்லாமலே வேலையில் நீடிக்கலாம். ஆனால் பதவி உயர்வு வேண்டுமானால் தேறியாக வேண்டும். சிறுபான்மைப் பள்ளிகளுக்கு இது பொருந்துமா என்ற கேள்வியை அந்தத் தீர்ப்பு பெரிய பெஞ்சின் முடிவுக்கு அனுப்பியது.

ஐம்பது வயதில், தம்மிடம் படித்த மாணவியோடு ஒரே ஹாலில் உட்கார்ந்து 150 கேள்விகளுக்கு விடை எழுத வேண்டும் என்றால், அந்த ஆசிரியையின் மனம் என்ன பாடுபடும்! அதற்காக வதந்தியை நம்பி நாளைக் கடத்துவது நல்லதல்ல. மத்திய அரசின் தகுதித் தேர்வில் மொழிப் பாடமாகத் தமிழை எடுக்க வழி உண்டு. ஒருமுறை தேறினால் சான்றிதழ் ஆயுள் முழுவதும் செல்லும் என்று 2021-ல் அரசு அறிவித்துவிட்டது. நிர்வாகங்கள் இதை எழுத்து மூலம் தங்கள் ஆசிரியர்களுக்குத் தெரிவிக்க வேண்டும். படிக்க விடுப்பும் நூலும் கொடுத்து உதவ வேண்டும். தீர்ப்புக்குப் பின் வருகிற உத்தரவுகளை ஆசிரியர் சங்கங்கள் தமிழிலும் அச்சிட்டுத் தரலாம்.

செய்ய வேண்டியது

இதற்கெல்லாம் புதிய சட்டம் தேவையில்லை. இருக்கிற சட்டத்தை அலமாரியிலிருந்து வெளியே எடுத்தால் போதும்.

நிர்வாகங்கள் ஒவ்வொரு ஜூன் மாதமும் பள்ளி திறந்தவுடன் மூப்புப் பட்டியலைச் சுற்றுக்கு விட்டுக் கையெழுத்து வாங்கட்டும். ஆசிரியர் அறைச் சுவரில் ஒரு பிரதி தொங்கட்டும். தலைமை ஆசிரியர் ஓய்வு பெறுவதற்கு ஆறு மாதம் முன்பே அடுத்தவர் யார் என்ற முடிவு எழுத்தில் இருக்கட்டும். கல்வி அதிகாரிகள் தங்களிடம் வரும் மூப்புத் தகராறுகளை ஆண்டுக் கணக்கில் தூங்க விடாமல், ஒரு பள்ளிப் பருவத்துக்குள் முடித்துத் தரட்டும். அதிகாரி எழுத வேண்டிய ஒரு பக்க முடிவு தாமதமாவதால்தான் ஐகோர்ட்டில் நூறு பக்க மனுவாகிறது.

ஆசிரியர்கள் நியமன உத்தரவு, அதற்குக் கல்வி அதிகாரி கொடுத்த ஒப்புதல், பி.எட். சான்றிதழ், பெற்றுக்கொண்ட பட்டியல்களின் பிரதி ஆகியவற்றை ஒரு ஃபைலில் பத்திரமாக வைத்துக்கொள்ளட்டும். ஆட்சேபத்தை வாய்ச் சொல்லாக விடாமல் எழுதிக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக முத்திரை வாங்கட்டும். ரேஷன் கார்டையும் ஆதார் அட்டையையும் காக்கிற கவனம் இதற்கும் வேண்டும்.

பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பும் பெற்றோருக்கும் இதில் வேலை உண்டு. பெற்றோர் கூட்டத்துக்குப் போகும்போது மார்க்கைப் பற்றி மட்டும் கேட்டுவிட்டுத் திரும்பாமல், "இந்தப் பள்ளிக்கு நிரந்தரத் தலைமை ஆசிரியர் இருக்கிறாரா? இல்லை என்றால் ஏன் இல்லை?" என்று ஒரு கேள்வி கேட்கட்டும். மில்லிலும் ரயில்வே யார்டிலும் தங்கள் வரிசைக்காகச் சங்கம் வைத்துப் போராடியவர்களுக்கு இந்தக் கேள்வி கேட்கத் தெரியாதா?

வகுப்பில் பிள்ளைகளை உயரப்படி வரிசையில் நிறுத்தி, "இடையில் புகாதே" என்று சொல்லிக் கொடுக்கும் இடம் பள்ளிக்கூடம். அந்தப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பவர்களின் வரிசையை மட்டும் மறைத்து வைப்பது எந்த நியாயம்? வருகிற ஜூனிலாவது அலமாரிகள் திறக்கட்டும்.